கதைப்பாடல்களின் வாழ்வும் தேய்வும்: ஒனேகா ஏரிக்கரையும் கோலா தெர்லா மலைப்புறமும்

1. முன்னுரை

பழங்கதைப் பாடல்கள் தாம் பிறந்த மண்ணில்தான் நீடித்து வாழும் என்பது பொதுவான கருத்து. உருசிய நாட்டு வீரகதைப் பாடல்களின் வரலாறு இக்கருத்தை மறுக்கின்றது. கீவ் நகரத்து இளவரசன் விளதீமிரையும் அவன் அவையைச் சூழ்ந்திருந்த வீரர்களையும் பாடும் அப்பாடல்களை 19ஆம் நூற்றாண்டில் அறிஞர்கள் தேடிச் சென்றபோது, அவை கீவ் நகரத்தில் கிடைக்கவில்லை. அங்கிருந்து ஆயிரம் கிலோமீட்டருக்கும் அப்பால், வடக்கே ஒனேகா ஏரியைச் சூழ்ந்த ஊர்களில் வாழ்ந்த மீனவர், உழவர் ஆகியோரின் வாய்மொழியாகவே அவை கிடைத்தன.

இவ்வுண்மை தமிழ் நாட்டுப்புறவியலார்க்கு ஒரு வினாவை எழுப்புகின்றது. மதுரைவீரன், காத்தவராயன், பொன்னர் சங்கர், முத்துப்பட்டன் முதலியோரைப் பாடும் கதைப்பாடல்கள் தமிழகத்திலிருந்து கடல் கடந்து சென்ற மக்களோடு தோட்டங்களுக்கும் சென்றன. தாயகத்தில் தேய்ந்துபோகும் பாடல் சேய்மையில் பிழைத்திருக்கும் என்னும் உருசிய அனுபவம் நம் தோட்டங்களுக்கும் பொருந்துமா? பொருந்தும் எனில் அதற்குரிய சூழல் யாது? பொருந்தாது எனில் எதனால் பொருந்தவில்லை? மலேசியாவின் பகாங் மாநிலத்துக் கேமரன் மலையில் அமைந்த கோலா தெர்லாவையும் அதனைச் சூழ்ந்த தேயிலை நிலத்தையும் களமாகக் கொண்டு இவ்வினாக்களை ஆராய இக்கட்டுரை முற்படுகின்றது. இவ்வினாவிற்கு விடை காணுங்கால், எஞ்சியிருக்கும் பாடல்களை எங்கே, எவரிடம், எவ்வாறு தேடவேண்டும் என்பதும் தெளிவாகும் என்பது நம் எண்ணம்.

2. உருசிய வீரகதைப் பாடல்கள் கண்டறியப்பட்ட வரலாறு

உருசிய வீரகதைப் பாடல்களை அறிஞர்கள் 'பிலீனா' என்று வழங்குவர். இது 1830களில் சாகரோவ் என்னும் தொகுப்பாளர் வழக்கிற்குக் கொணர்ந்த பெயராகும். பாடிய மக்களோ அவற்றைப் 'பழமை' என்னும் பொருள்படும் 'ஸ்தாரினா' என்ற சொல்லாலேயே குறித்தனர். முரோம் நகரை அடுத்த ஊரில் உழவர் குடியில் பிறந்து, நெடுங்காலம் நடக்க இயலாதிருந்து, வழிப்போக்கரான அடியார்களால் நலம்பெற்று வீரனான இல்யா முரோமெட்ஸ், தோப்ரீனியா, அல்யோஷா ஆகிய மூவரும் இப்பாடல்களின் தலையாய வீரர்கள் ஆவர். நோவ்கரத் நகர வணிகனும் யாழ்போன்ற நரம்பிசைக் கருவியை மீட்டுவோனுமாகிய சத்கோவைப் பற்றிய பாடல்களும் புகழ்பெற்றவை.

18ஆம் நூற்றாண்டில் திரட்டப்பெற்ற கீர்ஷா தனீலவ் தொகுப்பு 1804இல் முதன்முதலாக அச்சேறியது. எனினும் இப்பாடல்கள் மக்களிடையே இன்னும் உயிரோடு வழங்குகின்றன என்பதைப் படித்தோர் உலகம் அறிந்திருக்கவில்லை. அரசியல் காரணத்தால் 1859இல் பெட்ரோசவோட்ஸ்க் நகருக்கு அனுப்பப்பெற்ற ரீப்னிக்கோவ் என்பவர் அரசுப் பணியின்பொருட்டு ஊர்தோறும் செல்லும் வாய்ப்பைப் பெற்றார். 1860இல் ஒனேகா ஏரியில் பயணம் செய்தபோது காற்று மிகுந்ததால் ஒரு தீவில் தங்க நேர்ந்தது. தீமூட்டிக் குளிர்காய்ந்துகொண்டிருந்தோரிடையே முதியவர் ஒருவர் சத்கோவின் கதையைப் பாடக் கேட்டு அவர் விழித்தெழுந்தார். அன்று தொடங்கிய தேடலின் பயனாக 1861 முதல் 1867 வரை நான்கு தொகுதிகள் வெளிவந்தன. இது புனைவாக இருக்குமோ என்று ஐயுற்றோரும் அன்று இருந்தனர்.

அவ்வையத்தைப் போக்கியவர் கில்பெர்திங் என்னும் அறிஞர். அவர் 1871ஆம் ஆண்டுக் கோடையில் ஏறத்தாழ இரண்டு திங்கள் அப்பகுதியில் தங்கி, 70 பாடகர்களிடமிருந்து 318 பாடல்களைப் பதிவுசெய்தார். மறு ஆண்டு இரண்டாம் முறையாக வடக்கே சென்றவர் நச்சுக் காய்ச்சலால் வழியிலேயே மறைந்தார். அவருடைய தொகுப்பு 1873இல் வெளிவந்தது.

கில்பெர்திங் ஒனேகாக் கரையில் பாடல்களை எழுதிக்கொண்டிருந்த அதே 1871ஆம் ஆண்டில்தான், சென்னையில் சார்லஸ் கோவர் என்னும் ஆங்கிலேயர் தென்னிந்திய நாட்டுப்புறப் பாடல்களைப் பற்றிய தம் நூலை ஆங்கிலத்தில் வெளியிட்டார். அவரும் 1872இல் மறைந்தார். ஆயினும் இருவர் பணிக்கும் இடையிலான வேறுபாடு பெரிது. கோவர் தம் நூலில் திருக்குறளுக்கும் ஓர் இயல் ஒதுக்கினார். பாடியவர் யார் என்பது அவர்க்கு முதன்மையான வினாவாக அமையவில்லை. கில்பெர்திங்கோ பாடகரையே தம் தொகுப்பின் அடிப்படையாகக் கொண்டார். தமிழ்க் கதைப்பாடல் ஆய்வு அவ்வாண்டில் பெறாமற்போன ஒரு நெறியை ஈண்டுக் காண்கிறோம்.

3. கில்பெர்திங் கூறிய இரு காரணங்கள்

தென்னகத்துப் பாடல் வடபுலத்தில் வாழ்ந்தது எங்ஙனம்? கில்பெர்திங் இதற்கு இரண்டு காரணங்களை இணைத்துக் கூறினார். ஒன்று விடுதலை, மற்றொன்று சேய்மை. அவ்வடபுலத்து உழவர்கள் நிலக்கிழாரின் அடிமைகளாக இருந்ததில்லை. ஆகவே தம்மை வீரருடன் ஒப்ப எண்ணும் பெருமித உணர்வு அவர்களிடம் அழியாதிருந்தது. காடும் சதுப்பும் ஏரியும் சூழ்ந்த நிலமாதலால் புதிய நாகரிகமும் எழுத்தறிவும் விரைந்து புகவில்லை. இவ்விரண்டில் ஒன்று மட்டும் இருந்திருப்பின் பாடல் பிழைத்திராது என்பது அவர் கருத்து.

இவற்றோடு தொழிலையும் அவர் கூர்ந்து நோக்கினார். வலை பின்னுதல், தையல், செருப்புத் தைத்தல் முதலிய, ஓரிடத்தில் அமர்ந்து நெடுநேரம் செய்யும் வேலைகள் கதைப்பாடலுக்கு உகந்தவையாக இருந்தன. கை வேலை செய்ய, வாய் பாட, உடனிருப்போர் கேட்டனர். நெடிய குளிர்கால இரவுகள் இதற்கு இடம் தந்தன. கீழி வட்டாரத்தைச் சேர்ந்த புகழ்பெற்ற பாடகர் திரோஃபிம் ரியாபினின் ஒரு மீனவரே. அவர் தம் பாடல்களைத் தம் மகனுக்கும், மகன்வழி வந்தோர்க்கும் கொடுத்துச் சென்றார்.

ஆகவே சேய்மை தானாகவே பாடலைக் காப்பதில்லை. சேய்மையில் வாழ்வோரிடம் ஓய்வும், தொழிலோடு இயைந்த கேட்போர் குழுவும், தலைமுறைத் தொடர்ச்சியும் இருத்தல் வேண்டும். இவ்வளவுகோலைக் கையிற்கொண்டே நாம் கேமரன் மலைக்குச் செல்லவேண்டியுள்ளது.

4. கோலா தெர்லாவும் அதன் மக்களும்

மலாய் மொழியில் 'கோலா' என்பது ஓர் ஆறு பிறிதோர் ஆற்றுடனோ கடலுடனோ கலக்கும் இடத்தைக் குறிக்கும். தெர்லா ஆற்றின் பெயரால் அமைந்த கோலா தெர்லா, பிரிஞ்சாங்கிற்கு வடக்கே, திரிங்காப்பைக் கடந்து கம்போங் ராஜாவுக்குச் செல்லும் நெடுஞ்சாலையில் உள்ளது. இன்று இவ்வழியெங்கும் நெகிழிக் கூரையிட்ட காய்கறித் தோட்டங்களே கண்ணிற் படுகின்றன. இவற்றுக்கு அப்பால், கம்போங் ராஜாவை அடுத்துள்ள புளூவேலி முதலிய பகுதிகள் தேயிலைக்குப் பெயர் பெற்றவை.

1885இல் வில்லியம் கேமரன் இம்மலைப்பகுதியை அளந்தாராயினும், 1925இல் ஜார்ஜ் மேக்ஸ்வெல் வருகை புரிந்த பின்னரே இதனை மேம்படுத்தும் திட்டம் உருப்பெற்றது. 1929இல் ஜே. ஏ. ரஸ்ஸல் போ தேயிலைத் தோட்டத்தைத் தொடங்கினார். தாப்பாவிலிருந்து மலையேறும் சாலை 1930களின் தொடக்கத்தில் நிறைவுற்றது. அதன்பின் பிற தோட்டங்களும் தோன்றின.

இக்காலநிரல் நம் ஆய்வுக்கு இன்றியமையாதது. ஒப்பந்தக் கூலி முறை மலாயாவில் 1910இல் முடிவுக்கு வந்துவிட்டது. ஆகவே கேமரன் மலைத் தேயிலைத் தோட்டங்களுக்கு வந்த தமிழர்கள் கங்காணி முறையில் வந்தோர், தாமே வந்தோர், சமவெளி ரப்பர்த் தோட்டங்களிலிருந்து மலையேறியோர் ஆகிய மூவகையினருள் அடங்குவர். 1938இல் இந்திய அரசு உதவிபெற்ற தொழிலாளர் குடியேற்றத்தைத் தடைசெய்தது. 1929க்கும் 1938க்கும் இடைப்பட்ட பத்தாண்டுக்கும் குறைவான காலமே தாயகத்திலிருந்து புதிய பாடகர் நேரே இம்மலைக்கு வந்துசேரக்கூடிய காலமாக இருந்தது என்பது ஈண்டு நோக்கத்தக்கது. 1942இல் யப்பானியர் ஆட்சி வந்தது. மலாயாத் தோட்டத் தமிழர் பல்லாயிரவர் சயாம் இரயில் பாதைப் பணிக்குக் கொண்டுசெல்லப்பட்டு மாண்டனர். பாடல் கைமாறவேண்டிய காலத்தில் பாடத் தெரிந்தோரையும் கேட்க இருந்தோரையும் தோட்டங்கள் இழந்தன.

இலங்கை மலையகத்தோடு ஒப்பிடுங்கால் இதன் விளைவு புலனாகும். அங்கே 1820கள் முதற்கொண்டே காப்பித் தோட்டங்களுக்குத் தமிழர் சென்றனர். 1867இல் ஜேம்ஸ் டெயிலர் லூல்கந்துரையில் தேயிலையைப் பயிரிட்டபின் அக்குடியேற்றம் மேலும் பெருகியது. நூறாண்டுக்கும் மேலாக ஊரும் தோட்டமும் போக்குவரத்தால் இணைந்திருந்தன. காமன் கூத்து, அருச்சுனன் தபசு, பொன்னர் சங்கர் ஆகிய மூன்று கூத்துகளும் அங்கே வேரூன்றியமைக்கு இந்நெடிய காலமும் ஒரு காரணம் எனலாம். கேமரன் மலைக்கு அத்தகைய காலம் வாய்க்கவில்லை.

இன்னொன்றும் கருதத்தக்கது. தமிழ்க் கதைப்பாடல்கள் வட்டாரஞ் சார்ந்தவை. அண்ணன்மார் கதை கொங்கு நாட்டுக்கும் வீரப்பூருக்கும் உரியது. முத்துப்பட்டன் கதை நெல்லைச் சீமையினது. திரௌபதி வழிபாட்டோடு இயைந்த பாரதக் கூத்து வடஆர்க்காடு, தென்ஆர்க்காடு பகுதிகளில் வலிமை பெற்றது. மலாயாவுக்கு வந்தோரோ திருச்சி, தஞ்சை, சேலம், வடஆர்க்காடு எனப் பல மாவட்டங்களிலிருந்து வந்தனர். கங்காணி தன் ஊரார், உறவினர் ஆகியோரைத் திரட்டி வந்த தோட்டத்தில் ஒரு வட்டாரத்தின் பாடல் நிலைபெற வாய்ப்புண்டு. பல வட்டாரத்தார் ஒரே லயத்தில் கூடிய இடத்தில் எல்லார்க்கும் தெரிந்த கதையே எஞ்சும். மதுரைவீரன், மாரியம்மன் ஆகியோர் பற்றிய பாடல்கள் மலேசியத் தோட்டங்களில் பரவலாக வழங்கியதற்கும், முத்துப்பட்டன் போன்றோர் அருகியதற்கும் இதுவே காரணமாகலாம்.

5. கொழுந்துக் காடும் பாட்டும்

மலேசியத் தமிழரின் தோட்டப் பாடல்களுள் நன்கறியப்பட்டவை பெரும்பாலும் ரப்பர்த் தோட்டத்தைக் களமாகக் கொண்டவை. ரப்பர் மரம் சீவுவோர் விடியுமுன் சென்று மரத்திற்கு மரம் தனித்து நடப்பர். அவ்வேலையில் எழும் பாட்டு பெரும்பாலும் தனிக்குரலுக்குரியது. தேயிலைக் கொழுந்து பறித்தலோ பகல் வெளிச்சத்தில், நிரை பிடித்து, பெண்கள் அருகருகே நின்று செய்யும் வேலை. ஒருத்தி பாட மற்றவர் தொடர இது இடந்தருவது. இவ்வகையில் கொழுந்துக் காடு ஒனேகா மீனவரின் வலை பின்னும் கூடத்தை ஒத்தது எனக் கருதத் தோன்றும்.

ஆயினும் ஒப்புமை இத்துடன் நின்றுவிடுகின்றது. வலை பின்னுவோன் தன் வலையைப் பின்னினான். அவனுடைய நேரம் அவனுடையது. கொழுந்து பறிப்பவளின் கூடை நிறுத்துப் பார்க்கப்பட்டது. பெரட்டுக்கு மணியடிப்பது முதல் மாலை நிறுவை வரை அவளுடைய நேரம் தோட்டத்துக்குரியது. இத்தகைய வேலையில் நான்கு அடிப் பாட்டு பிழைக்கும். நான்கு இரவுப் பாட்டு பிழைக்காது. இலங்கை மலையகப் பாடல்களைத் திரட்டிய சி.வி. வேலுப்பிள்ளையின் 'மலைநாட்டு மக்கள் பாடல்கள்' (1983) என்னும் தொகுப்பும் தாலாட்டு, தொழில், காதல், ஒப்பாரி ஆகிய சிறு பாடல்களையே பெரிதும் கொண்டிருத்தல் இதனோடு இயைகின்றது. கில்பெர்திங் கூறிய இரு காரணங்களுள் சேய்மை இங்கே இருந்தது, விடுதலை இல்லை. அவருடைய அளவுகோல் சரியானது என்பதைத் தேயிலைத் தோட்டம் மறுதலையாக நின்று மெய்ப்பிக்கின்றது.

பிற்காலத்தில் தொழில்நுட்பமும் மாறியது. கைவிரலால் கிள்ளிய கொழுந்தை வெட்டுக் கத்தரி கொண்டு வெட்டலாயினர். பின்னர் இருவர் இருபுறமும் பிடித்துச் செல்லும் பொறி வந்தது. அப்பொறியின் ஓசைக்கிடையே பாட்டு எழ வழியில்லை. தோட்டத் தமிழரின் பிள்ளைகள் கல்வி கற்று நகரங்களுக்குச் சென்றனர். அவர்கள் விட்ட இடத்தில் வங்காளதேசம், நேப்பாளம், இந்தோனேசியா ஆகிய நாடுகளிலிருந்து வந்தோர் வேலை செய்கின்றனர். பாட்டு நின்றதை இழப்பு எனக் கூறும் நாம், அதற்குக் காரணமான கல்வியையும் முன்னேற்றத்தையும் குறை கூறுதல் தகாது. கூடைச் சுமை குறைந்ததில் நமக்கு மகிழ்ச்சியே. பாடல் நிற்பது வேறு. பாடலைப் பதிவு செய்யாமல் விடுவது வேறு.

6. கதைப்பாடலின் இருப்பிடம் கோயில்

அங்ஙனமாயின் நெடுங்கதைப் பாடல் தோட்டத்தில் எங்கே வாழ்ந்தது? இதற்கு விடைகாண உருசிய வீரனுக்கும் தமிழ் வீரனுக்கும் உள்ள வேறுபாட்டை நோக்கவேண்டும்.

இல்யா முரோமெட்ஸ் இளவரசனோடு பிணங்குகின்றான், சிறைப்படுகின்றான், பகைவர் சூழ்ந்தபோது மீண்டும் நாடு காக்கின்றான். கீவ் நகரத்துக் குகை மடத்தில் அடக்கம்பெற்ற துறவி ஒருவரை அவனோடு இணைத்து மக்கள் போற்றுவதுண்டு. எனினும் அவனைப் பற்றிய பாடல் தேவாலய வழிபாட்டில் பாடப்படுவதன்று. அது வீட்டிலும் தொழிற்கூடத்திலும் பாடப்படுவது. தமிழ்க் கதைப்பாடலின் வீரனோ பெரும்பாலும் அநீதியாகக் கொல்லப்பட்டுத் தெய்வமாகின்றவன். மதுரைவீரன் மாறுகால் மாறுகை வாங்கப்படுகின்றான். காத்தவராயன் கழுவேறுகின்றான். முத்துப்பட்டன் ஆநிரை மீட்கும் போரில் மாண்டு, பாபநாசத்தை அடுத்த சொரிமுத்தையனார் கோயிலில் வழிபாடு பெறுகின்றான். இவர்களுடைய கதை கொடைவிழாவின் ஒரு பகுதி. உடுக்கையோ வில்லோ முழங்கப் பாடும்போது தெய்வம் அருளாடியின்மேல் இறங்கும் என்பது நம்பிக்கை. பாடல் இல்லையேல் விழா நிறைவுறாது. விழா இல்லையேல் பாடலுக்கு இடமில்லை.

ஆகவே, உருசியப் பாடலுக்குக் குளிர்கால இரவு எதுவோ, தமிழ்ப் பாடலுக்குக் கோயில் விழா அது எனலாம். மலேசியத் தோட்டங்களில் மாரியம்மன் கோயிலும், முனியாண்டி, மதுரைவீரன் முதலியோரின் பீடங்களும் எழுந்ததோடு, உடுக்கைப் பாட்டும் தீமிதியும் கரகமும் தொடர்ந்தமை இதனாலேயே. சென்னை இரத்தின நாயக்கர் போன்றோர் பதிப்பித்த பெரிய எழுத்துக் கதைப்புத்தகங்களும் இதற்குத் துணை நின்றன. அல்லி அரசாணி மாலை, நல்லதங்காள் கதை, தேசிங்குராசன் கதை ஆகியவற்றை எழுதப் படிக்கத் தெரிந்த ஒருவர் லயத்து முற்றத்தில் இராகம் போட்டுப் படிக்க ஏனையோர் கேட்கும் வழக்கம் தோட்டங்களில் இருந்தது. வடஉருசியாவில் எழுத்தறிவின் வருகை பாடலைத் தேய்த்தது. தமிழ்த் தோட்டத்தில் சிறுநூல் பாடலைத் தாங்கிப் பிடித்தது. இவ்வேறுபாடு விரிவான ஆய்வுக்குரியது.

கோயிலே இருப்பிடம் எனின், கோயிலின் மாற்றம் பாடலின் மாற்றமாகும். கடந்த சில பத்தாண்டுகளில் மலேசியத் தோட்டக் கோயில்கள் பல ஆகம முறைப்படி திருப்பணி செய்யப்பெற்றுக் குடமுழுக்குக் கண்டன. பலியும் சுருட்டும் சாராயமும் நீங்கின. முனீசுவரனைச் சிவபெருமானின் வடிவமாகக் கருதும் போக்கு வளர்ந்தது. மக்கள் தம் வழிபாட்டைத் தாம் விரும்பியவாறு அமைத்துக்கொள்ளும் உரிமை உடையவர்கள். ஆய்வாளர் அதனைத் தடுக்கவோ பழிக்கவோ இயலாது. ஆனால் அம்மாற்றத்தின்போது உடுக்கை அடிப்பவர் கோயிலைவிட்டு வெளியேறுகின்றார் என்பதையும், அவரோடு ஒரு கதைப்பாடலும் வெளியேறுகின்றது என்பதையும் நாம் குறித்துக்கொள்ளல் வேண்டும். கேமரன் மலை போன்ற இடங்களில் தோட்ட நிலம் கைமாறி, மக்கள் வெளியேறுங்கால் கோயிலுக்கு உரிய கூட்டமும் குறைகின்றது. பாடலின் தேய்வுக்குச் சேய்மையோ அருகாமையோ காரணமன்று. இருப்பிடத்தை இழத்தலே காரணம் என்பது இதுகாறும் கண்டவற்றால் பெறப்படும்.

7. இதுவரை நடந்த தொகுப்புப் பணிகள்

தமிழகத்தில் நா. வானமாமலை 1964இல் 'தமிழர் நாட்டுப் பாடல்கள்' என்னும் தொகுப்பை வெளியிட்டார். முத்துப்பட்டன் கதை முதலிய கதைப்பாடல்களையும் அவர் பதிப்பித்தார். கனடா நாட்டு அறிஞர் பிரண்டா பெக் 1960களில் கொங்கு நாட்டில் தங்கி அண்ணன்மார் கதையைப் பதிவுசெய்தார். அது 1992இல் சென்னை ஆசியவியல் நிறுவனத்தின்வழி இரு தொகுதிகளாக வெளிவந்தது. க. கைலாசபதி 1968இல் வெளியிட்ட ஆங்கில நூல் சங்க இலக்கியத்தையே வாய்மொழி வீரப்பாடல் நெறியில் வைத்து நோக்கியது. விளாதீமிர் புரோப்பு 1928இல் உருசிய மாயக்கதைகளைக் கொண்டு வகுத்த வடிவவியல் தமிழ் நாட்டுப்புறக் கதைகளுக்கும் பொருத்திப் பார்க்கப்பட்டது. அவரே 1955இல் உருசிய வீரகதைப் பாடல்களைப் பற்றி விரிவான நூலொன்றை எழுதி, ஒவ்வொரு பாடலுக்கும் ஒரு வரலாற்று நிகழ்ச்சியைத் தேடும் போக்கை மறுத்தார் என்பது நம்மவர் கவனத்தை அத்துணைப் பெறவில்லை. அண்ணன்மார் எந்நூற்றாண்டினர் என்னும் வாதத்தில் ஈடுபடுவோர்க்கு அந்நூல் பயன்படும்.

மலேசியாவைப் பொறுத்தவரை, 1956இல் தோன்றிய மலாயாப் பல்கலைக்கழக இந்திய ஆய்வியல் துறையில் பணியாற்றிய இரா. தண்டாயுதம் 'மலேசிய நாட்டுப்புறப் பாடல்கள்' என்னும் தொகுப்பைத் தந்தார். முத்தம்மாள் பழனிசாமி தம் பாட்டியின் வாய்மொழியாகக் கேட்ட கொங்குப் பாடல்களை 'நாட்டுப்புறப் பாட்டிலே என் பாட்டி' என்னும் நூலாக்கினார். இவ்விரண்டாவது நூல், ஆசிரியர் அறிந்தோ அறியாமலோ, கில்பெர்திங்கின் நெறியில் நிற்கின்றது. பாடல்வகைக்கு மாறாக ஒரு பாடகரின் வாழ்வே அதன் மையமாக அமைந்துள்ளது.

8. கொள்ளவேண்டிய நெறிகள்

உருசியத் தொகுப்பாளரின் அனுபவத்திலிருந்து கேமரன் மலைக்கு நாம் கொள்ளத்தக்கவை நான்கு.

முதலாவது, பாடகரை முதன்மையாக்கல். நம் தொகுப்புகள் தாலாட்டு, விளையாட்டு, தொழில், ஒப்பாரி என வகைப்படுத்தியே பாடல்களைத் தருகின்றன. இதனால் ஒருவருக்கு எத்தனை பாடல்கள் தெரியும், எவரிடம் கற்றார், எந்த மாவட்டத்து வழிவந்தவர், எந்தத் தோட்டத்தில் வாழ்ந்தார் என்பன மறைந்துபோகின்றன. கில்பெர்திங் பாடகர்வாரியாகப் பாடல்களை அடுக்கி, ஒவ்வொருவரின் வரலாற்றையும் முன்வைத்தார். இதனால்தான் ஒரே கதையைப் பாடகர் ஒவ்வொருவரும் எவ்வாறு வேறுபடுத்திப் பாடினர் என்பதைப் பின்வந்தோர் ஆராய முடிந்தது.

இரண்டாவது, பாடச் செய்து பதிவு செய்தல். பாடகர் நிறுத்தி நிறுத்திச் சொல்ல எழுதியபோது யாப்பு சிதைவதைக் கண்ட கில்பெர்திங், பாடியவாறே மெல்லச் செல்லும்படி அவர்களைப் பழக்கினார். இன்று கைப்பேசியிலேயே ஒலியையும் காட்சியையும் பதிவு செய்யலாம். ஆனால் பாடல் வரியை மட்டும் கேட்டு எழுதிக்கொண்டு வரும் பழக்கம் இன்னும் நம்மிடம் நீங்கவில்லை.

மூன்றாவது, பாடலைத் திருத்தாமை. 1930களில் சோவியத்து நாட்டில் மார்ஃபா கிரியூக்கவா போன்ற பாடகியரை ஊக்கி, அன்றைய தலைவர்களைப் பழைய வீரர்களைப் போலப் புகழும் புதுப்பாடல்களை இயற்றச் செய்தனர். பிற்கால அறிஞர்கள் அவற்றைப் போலி நாட்டுப்புறப் பாடல்கள் என ஒதுக்கினர். நம்மிடையே இப்பிழை வேறு வடிவில் நிகழ்கின்றது. கொச்சை என்று கருதிச் சொற்களை நீக்குகிறோம். சாதிப்பெயரையும் வசைமொழியையும் மறைக்கிறோம். மலாய்ச் சொல் கலந்த அடியைத் தூய தமிழாக்குகிறோம். வெளியீட்டில் எதனைத் தருவது என்பதைப் பின்னர் முடிவு செய்யலாம். மூலப் பதிவில் கைவைத்தல் தகாது.

நான்காவது, தேடும் இடத்தை அறிதல். கொழுந்துக் காட்டில் இன்று கதைப்பாடலைத் தேடிச் செல்வது பயனற்றது. கோயில் விழாவில் உடுக்கையோ பம்பையோ இசைத்தவர், கூத்தில் வேடங்கட்டியவர், பெரிய எழுத்துப் புத்தகத்தை முற்றத்தில் படித்தவர், இறப்பு வீட்டில் ஒப்பாரிக்கு அழைக்கப்பட்டவர் ஆகியோரையே தேடவேண்டும். அவர்களுட் பலர் இப்போது தோட்டத்தில் இரார். ஈப்போ, தாப்பா, கோலாலம்பூர் என மக்கள் வீடுகளில் அவர்கள் வாழக்கூடும். கோலா தெர்லாவின் பாடலைக் கோலா தெர்லாவில் மட்டும் தேடினால், கீவின் பாடலைக் கீவில் தேடியோரின் நிலையே நமக்கும் வாய்க்கும்.

9. முடிவுரை

சேய்மையில் பாடல் பிழைக்கும் என்னும் உருசிய அனுபவம் தமிழ்த் தோட்டங்களுக்கு அவ்வாறே பொருந்தவில்லை. கேமரன் மலையின் சேய்மை ஓய்வற்ற உழைப்போடு கூடியது. குடியேற்றக் காலமும் குறுகியது. ஆகவே தொழிற்களத்தில் சிறு பாடல்களும், கோயிலில் கதைப்பாடல்களும் எனப் பாடல்மரபு இரு கிளைகளாகப் பிரிந்து வாழ்ந்தது. முதற்கிளை தொழில் மாற்றத்தாலும், இரண்டாம் கிளை கோயில் மாற்றத்தாலும் தேய்ந்தன. 1938க்கு முன் தாயகத்திலிருந்து நேரே வந்தோர் இன்று அநேகமாக இல்லை. அவர்கள் பாடக் கேட்டு வளர்ந்தோரும் முதுமை எய்திவிட்டனர்.

ரீப்னிக்கோவ் பாடல் தேடிப் போனவர் அல்லர். பணியின்பொருட்டு மக்களோடு தங்க நேர்ந்தவர். மலேசியத் தோட்டங்களில் அவ்வாறு மக்களோடு தங்கியவர்கள் தமிழ்ப்பள்ளி ஆசிரியர்களே. 1923ஆம் ஆண்டுத் தொழிலாளர் சட்டம் தோட்டங்களில் பள்ளி அமைக்க வகைசெய்த காலந்தொட்டு, லயத்து வீடுகளின் பெயரும் முறையும் அறிந்தவர்களாக அவர்கள் விளங்கினர். மாணவன் ஒருவனிடம் அவனுடைய பாட்டிக்குத் தெரிந்த பாடலைக் கேட்டு வருமாறு பணிக்கும் உரிமை பல்கலைக்கழக ஆய்வாளர்க்கு இல்லை, ஆசிரியர்க்கு உண்டு. கேமரன் மலைத் தமிழ்ப்பள்ளிகளின் ஆசிரியர்கள் ஆண்டுக்கு ஒரு பாடகரை முழுமையாகப் பதிவுசெய்ய முன்வருவார்களாயின், அப்பதிவுகளைக் காத்து ஆராயும் கடப்பாடு பல்கலைக்கழகத் துறைகளைச் சாரும். கில்பெர்திங் இரண்டு திங்களில் 70 பாடகரைக் கண்டார். நமக்கு 7 பாடகர் கிடைப்பினும் அது பெரும் பேறே. அவ்வெழுவரையும் கேட்பதற்குரிய காலம் நீண்டதன்று என்பதை மனத்திற்கொண்டு இப்பணியை மேற்கொள்வோமாக.